வரையாமல் விட்ட கிண்ணம்

போன மாதம் ஒரு ராத்திரி, மணி பதினொன்றரை இருக்கும். ஹெட்போனில் சார்ஜ் தீர்ந்துவிட்டதால் லேப்டாப்பிலேயே சத்தத்தைக் குறைத்து வைத்துப் பார்த்துக்கொண்டிருந்தேன். பக்கத்து அறையிலிருந்து அம்மா குரல் கொடுத்தார்: "இந்நேரத்துல என்னத்தடா இப்படி உறிஞ்சித் திங்கிற?"

நான் எதையும் தின்னவில்லை. திரையில் இருந்தவரும் தின்னவில்லை. கிமோனோ அணிந்த ஒரு பெரியவர் சதுர மெத்தையில் முழங்காலை மடித்து உட்கார்ந்திருந்தார். வலது கையில் மூடிய விசிறி. இடது கை ஒரு கிண்ணத்தின் அடியைத் தாங்குவதுபோல் குவிந்திருந்தது. கிண்ணம் கிடையாது. விசிறியை வாய்க்கு அருகே கொண்டுபோய், உதட்டைக் குவித்து, காற்றை 'சர்ர்ர்' என்று இழுத்தார். கொஞ்சம் மென்றார். கிண்ணத்தைத் தூக்கி ஒரு மிடறு சாறு குடித்துவிட்டு, 'ஹா' என்று ஆவி விட்டார். அரங்கமே சிரித்தது. எனக்குப் பசித்தது.

இதற்குப் பெயர் ராகுகோ. ஜப்பானில் எடோ காலத்திலிருந்து (எடோ என்பது தோக்கியோவின் பழைய பெயர்), அதாவது சுமார் முந்நூறு ஆண்டுகளுக்கும் மேலாக, நடந்துவரும் ஒற்றை ஆள் கதைமேடை. எழுந்து நிற்கக் கூடாது. திரைச்சீலை, வேடம், ஒப்பனை எதுவும் கிடையாது. கையில் ஒரு விசிறி, ஒரு பருத்தித் துண்டு, அவ்வளவுதான். அந்தத் தொழிலில் இருப்பவர்கள் தங்களுக்குள் விசிறியை 'காசே' என்பார்கள், காற்று என்று அர்த்தம். துண்டுக்கு 'மந்தரா'. தலையை இடப்பக்கம் திருப்பினால் ஓர் ஆள், வலப்பக்கம் திருப்பினால் இன்னோர் ஆள். விசிறி கத்தியாகும், துடுப்பாகும், புகைக்குழாயாகும், எழுதுகோலாகும். எல்லாவற்றையும்விட அதிகமாகச் சாப்பாட்டுக் குச்சியாகும். துண்டு பணப்பையாகும், கடிதமாகும், சூடான சர்க்கரைவள்ளிக் கிழங்காகும்.

அப்படியே ஒரு சந்தேகத்தையும் தீர்த்துவிடுகிறேன். இந்தக் கட்டுரையில் 'சோபா' என்று வரும் இடத்திலெல்லாம் அது உட்காரும் சோபா இல்லை. பக்வீட் மாவில் செய்கிற, பழுப்பு நிற மெல்லிய நூடுல்ஸ். அதன் சாற்றுக்கு உயிர் கொடுப்பது காய்ந்து கட்டையான கட்சுவோ மீனின் சீவல். நம்ம மாசிக் கருவாடும் அதே மீன்தான். அதனால் அந்த வாசனை எனக்கு ஒருபோதும் அந்நியமாகப் பட்டதில்லை.

அன்றைக்கு நான் பார்த்துக்கொண்டிருந்த கதை 'தோக்கி சோபா'. ராகுகோ கேட்கத் தொடங்கும் எல்லோரும் முதலில் முட்டிக்கொள்ளும் கதை. எடோ நகரத்தில் ராத்திரி நேரத்தில் தோள்சுமையில் கடையைத் தூக்கிக்கொண்டு வரும் சோபாக்காரன். ஒரு கிண்ணம் பதினாறு மோன் காசு. வருகிறான் ஒரு வாடிக்கையாளன், வாய் ஓயாத ஆள். கடையின் பெயர்ப்பலகை அழகு என்கிறான். குச்சி புதுக் குச்சி, யாரும் வாயில் வைக்காதது, பலே என்கிறான். கிண்ணம் நன்றாக இருக்கிறதாம், சாற்றில் மீன் வாசம் தூக்குகிறதாம், நூடுல்ஸ் மெலிசாக விறைப்பாக இருக்கிறதாம், மேலே போட்ட மீன் கேக் தடிமனாக வெட்டியிருக்கிறதாம். இத்தனை புகழ்ச்சிக்கு நடுவே சர், சர் என்று உறிஞ்சி முடிக்கிறான். காசு கொடுக்கும் நேரம்.

"சில்லறைதான் இருக்கு, கையை நீட்டு. ஒண்ணு, ரெண்டு, மூணு, நாலு, அஞ்சு, ஆறு, ஏழு, எட்டு... ஆமா, இப்ப மணி என்ன?"

"ஒன்பதுங்க."

"பத்து, பதினொண்ணு, பன்னெண்டு..."

பதினாறு வரை எண்ணிக் கொடுத்துவிட்டுப் போய்விடுகிறான். ஒரு மோன் மிச்சம். மறைந்து நின்று இதைப் பார்த்த ஒரு அசடு, அட, நாமும் செய்யலாமே என்று மறுநாள் கிளம்புகிறான். ஆசை பொறுக்காமல் கொஞ்சம் சீக்கிரமே கிளம்புகிறான். அவனுக்குக் கிடைத்த சோபாவோ படுமோசம். குச்சி ஏற்கெனவே யாரோ பயன்படுத்தியது. கிண்ணத்தின் விளிம்பு முழுக்கச் சில்லு. சாறு உப்பு. நூடுல்ஸ் ஊறிப்போய்க் கொழகொழ. மீன் கேக் என்று போட்டது மீனே இல்லை, கோதுமை மாவுக் கட்டி. எப்படியோ விழுங்கிவிட்டு எண்ணுகிறான்: "...ஆறு, ஏழு, எட்டு, இப்ப மணி என்ன?" "நாலுங்க." "அஞ்சு, ஆறு, ஏழு, எட்டு..."

கதை அவ்வளவுதான். பழைய ஜப்பானிய மணிக்கணக்கு தலைகீழ். நள்ளிரவு ஒன்பது, அதற்கு முந்திய மணி நாலு. கணக்குப் போட்டுப் பாருங்கள், அசடுக்கு நாலு மோன் நட்டம்.

ஆனால் இந்தக் கதையைப் பெரிய கலைஞர்கள் சொல்லும்போது கூட்டம் வருவது கணக்கு ஜோக்குக்காக இல்லை. அது எல்லோருக்கும் தெரியும். இரண்டு கிண்ணங்களுக்காக வருகிறார்கள். முதல் நாள் உறிஞ்சலும் இரண்டாம் நாள் உறிஞ்சலும் வேறு வேறு. முதல் நாள் ஒரே இழுப்பில் மேலே ஏறும் சத்தம். இரண்டாம் நாள் பாதியில் அறுந்து, வாய்க்குள் தொப்பென்று விழும் சத்தம். ஒசாகா பக்கம் இதே கதை 'தோக்கி உதோன்' ஆகிவிடும். உதோன் தடித்த கோதுமை நூடுல்ஸ், அதற்கு உறிஞ்சல் கனமாக வேண்டும், மெல்லுவது கூட வேண்டும். கண்ணை மூடிக்கொண்டு கேட்டாலே எந்த நூடுல்ஸ் என்று சொல்லிவிடலாம். எங்கள் வீட்டில் ரசத்தை உறிஞ்சினாலே முறைப்பார்கள். அங்கே அதற்கு வருடக்கணக்கில் பயிற்சி.

சரி, அனிமேஷனுக்கு வருவோம்.

ஜப்பானிய அனிமேஷன் என்றாலே இணையத்தில் பாதிப் பேருக்கு நினைவு வருவது சாப்பாடு. பளபளக்கும் முட்டை, ஆவி பறக்கும் சாதம், கடித்தால் நீளும் சீஸ். அதை மட்டும் வெட்டி ஒட்டி மணிக்கணக்கில் ஓடும் காணொளிகள் இருக்கின்றன. பத்து நிமிடத்துக்கு மேல் எனக்குத் திகட்டும். உணவை வரைவதில் அந்த ஊர்க்காரர்களுக்கு உள்ள திறமை உண்மையானதுதான், மறுக்கவில்லை. ஆனால் அந்தத் திறமைதான் ராகுகோவை வரையப் போகும்போது காலை வாருகிறது.

யோசித்துப் பாருங்கள். மேடையில் கிண்ணம் இல்லை என்பது அந்தக் கலையின் நிபந்தனை. உட்கார்ந்திருப்பவரிடம் வேறு வழியே இல்லை. அனிமேஷனில் அப்படியா? விசிறியை வரைவதும் பென்சில்தான், கிண்ணத்தை வரைவதும் பென்சில்தான். விசிறியைப் பிடித்த கை அப்படியே கரைந்து, எடோ நகரத் தெருவாகி, லாந்தர் வெளிச்சத்தில் சோபாக்காரன் நிற்பதாகக் காட்டிவிடலாம், கூடுதல் செலவு கொஞ்சம்தான். பார்ப்பவனுக்கும் குஷி. அதனால் மேடையில் தானாகவே நேர்கிற வெறுமையை இங்கே ஒருவர் உட்கார்ந்து முடிவெடுத்துச் செய்ய வேண்டியிருக்கிறது. பென்சிலை எந்த இடத்தில் நிறுத்துவது என்பதுதான் முழு விஷயமும்.

இதை எனக்குப் புரியவைத்தது 'ஷோவா கென்ரோகு ராகுகோ ஷிஞ்ஜூ' என்ற தொடர். ஹருகோ குமோட்டாவின் மாங்காவை, அதாவது ஜப்பானியச் சித்திரக்கதையை, வைத்து ஸ்டூடியோ தீன் எடுத்தது. 2016 தொடக்கத்தில் பதின்மூன்று பகுதி, 2017 தொடக்கத்தில் பன்னிரண்டு. சிறையில் இருந்தபோது ஒரு மேதையின் ராகுகோவைக் கேட்டுச் சொக்கிப்போன முன்னாள் ரவுடி, விடுதலையான கையோடு அவர் முன் போய்ச் சீடனாக்கிக்கொள்ளச் சொல்லி நிற்கிறான். அங்கிருந்து கதை பின்னால் போய், அந்த மேதையும் அவர் நண்பனும் இளைஞர்களாக இருந்த காலத்துக்குள் விழுகிறது. நண்பன் பெயர் சுக்கேரொக்கு. இந்தப் பெயரை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள், சாப்பாட்டோடு திரும்பி வரும்.

முதல் பகுதியிலேயே அந்த முன்னாள் ரவுடி மேடையேறி ஒரு திருடன் கதை சொல்கிறான். தொலைக்காட்சித் தொடர் வழக்கப்படி இரண்டு நிமிடம் காட்டிவிட்டுச் சிரிக்கும் கூட்டத்துக்கு வெட்டிவிடுவார்கள் என்று நினைத்தேன். வெட்டவில்லை. கதை நீள்கிறது. குரல் கொடுத்த தோமோகாசு செகி முழு நீளத்துக்குச் சொல்கிறார். நாம் பார்ப்பதோ மெத்தை, முழங்கால், நெற்றியில் வழியும் வியர்வை, துண்டைத் தேடும் விரல். திருடனையும் வீட்டுக்காரனையும் தனித்தனி ஆட்களாக வரைந்து காட்டவில்லை. தொடர் முழுக்க பெரும்பாலும் இதே கட்டுப்பாடுதான். அகிரா இஷிதா, கோய்ச்சி யமதேரா போன்ற குரல் நடிகர்கள் உண்மையான ராகுகோக்காரர்களைப் போல ஒரே வாயில் நாலு பேரைப் பேசுகிறார்கள். அனிமேக்காரர்கள் பென்சிலைக் கீழே வைத்துவிட்டு அவர்கள் வாய்க்கு இடம் விட்டிருக்கிறார்கள்.

இதில் ஒரு வேடிக்கையும் இருக்கிறது. நடிகர் மேடையில் வெறும் காற்றைச் சாப்பிடுகிறார். அனிமேஷனில் அந்த நடிகரே வெறும் கோடு. இல்லாத ஒரு ஆள் இல்லாத கிண்ணத்தை எடுத்து இல்லாத சாற்றைக் குடிக்கிறான், அந்த மிடறுச் சத்தம் மட்டும் யாரோ ஒருவரின் நிஜத் தொண்டையிலிருந்து வருகிறது. என் அம்மா ஏமாந்ததும் இப்படிப்பட்ட ஒரு சத்தத்துக்குத்தான்.

அந்தத் தொடரில் நான் திரும்பத் திரும்பப் போகும் இடம், மலைப்பக்கத்து வெந்நீர்ச் சத்திரமொன்றின் கூடத்தில் நடக்கும் இரவு. வருடக்கணக்கில் பிரிந்திருந்த நண்பர்கள் ஒரே மேடையில். ஒருவர் 'அகெகராசு' சொல்கிறார், அடுத்தவர் 'ஷிபஹாமா'. இரண்டு கதைக்குள்ளும் சாப்பாடும் குடியும் ஒளிந்திருக்கின்றன.

'அகெகராசு' ஒரு புத்தகப்புழுப் பையனின் கதை. கோவிலுக்குப் போகலாம் வா என்று பொய் சொல்லி இரண்டு தறுதலைகள் அவனை யோஷிவாரா தாசித் தெருவுக்குக் கூட்டிப்போகிறார்கள். விடிந்து பார்த்தால் பையன் சந்தோஷமாக இருக்கிறான், தறுதலைகள் இருவரையும்தான் யாரும் சீண்டவில்லை. கடுப்பில் ஒருவன் அங்கே கிடந்த அமநத்தோவை எடுத்துத் தின்கிறான். பயறைப் பாகில் வேகவைத்துச் சர்க்கரையில் புரட்டிய தின்பண்டம். கதைக்கு அது தேவையே இல்லை, எடுத்துவிட்டால் ஒன்றும் குறையாது. ஆனால் எட்டாம் கட்சுரா புன்ராக்கு என்ற மேதை அந்தப் பயறுகளை ஒவ்வொன்றாக எடுத்து, உள்ளங்கையில் உருட்டி, வாயில் போட்டு மெல்லும் அழகுக்கே கூட்டம் காத்திருந்ததாம். அவர் இந்தக் கதை சொல்லும் நாளில் அரங்கத்துக் கடையில் அமநத்தோ விற்றுத் தீர்ந்துவிடும் என்று இன்றும் பேசிக்கொள்கிறார்கள். விளம்பரக்காரர்கள் கோடி கொட்டியும் சாதிக்காததை வெறும் விரல் நுனி சாதித்திருக்கிறது.

'ஷிபஹாமா' வேறு ரகம். குடிகார மீன்காரன் ஒருவன் விடியற்காலையில் ஷிபா கடற்கரையில் பணப்பை ஒன்றைக் கண்டெடுக்கிறான். வீட்டுக்கு ஓடிவந்து கூட்டாளிகளைக் கூப்பிட்டுக் குடித்துக் கும்மாளமிட்டுத் தூங்கிவிடுகிறான். எழுந்ததும் மனைவி சொல்கிறாள்: பணமா? ஏது பணம்? கனவு கண்டிருப்பே. வெட்கப்பட்டுப் போய் அன்றோடு குடியை விட்டு, மீன் கூடையைத் தூக்கி ஒழுங்காகப் பிழைக்கிறான். மூன்று வருடம் கழித்து, வருடக் கடைசி இரவில், மனைவி அந்தப் பையை எடுத்து முன்னால் வைக்கிறாள். கனவில்லை, நான்தான் பொய் சொன்னேன், மன்னிச்சுக்கோ. இனி குடிக்கலாம் என்று சாக்கே ஊற்றியும் கொடுக்கிறாள். அவன் கிண்ணத்தைக் கையில் எடுக்கிறான். வாசம் பார்க்கிறான். உதடு வரை கொண்டுபோகிறான். கீழே வைத்துவிடுகிறான். "வேண்டாம். மறுபடி கனவாயிடப் போவுது."

யமதேராவின் குரலில் சுக்கேரொக்கு இதைச் சொல்லக் கேட்கும்போது நான் பார்த்துக்கொண்டிருந்தது கிண்ணத்தை அல்ல, கிண்ணம் இருக்க வேண்டிய இடத்தை. குவிந்த விரல்களுக்கு நடுவே இருக்கும் அந்தச் சின்ன இடைவெளி. அங்கே ஒரு வெள்ளைப் பீங்கான் கிண்ணத்தை வரைந்திருந்தால் அவன் கீழே வைப்பது ஒரு பாத்திரத்தை மட்டும்தான். வரையாததால் அவன் கீழே வைத்தது மூன்று வருடத்தை. கூட்டத்தில் உட்கார்ந்திருக்கும் சுக்கேரொக்குவின் சின்ன மகள் அதைப் பார்க்கிறாள். அவளுக்கும் அங்கே கிண்ணம் தெரிகிறது.

இப்போது சுக்கேரொக்குவுக்கு வருகிறேன். ராகுகோ ஏழைவீட்டுப் பிள்ளை என்றால் கபுக்கி பணக்கார வீட்டு அண்ணன். அலங்கார மேடை, முகத்தில் சிவப்புக் கோடு, நாளெல்லாம் நடக்கும் நாடகம். இரண்டு காட்சிக்கு நடுவே திரை விழும்போது சாப்பிடுவதற்காக வந்ததுதான் 'மக்குனோஉச்சி' பெட்டிச் சாப்பாடு. பெயருக்கே 'திரைக்கு நடுவில்' என்றுதான் பொருள். எள் தூவிய குட்டிச் சோற்றுருண்டைகள், ஒரு துண்டு மீன், முட்டை, கொஞ்சம் வேகவைத்த காய். இன்றைக்கு ரயில் நிலையத்தில் அதை வாங்கிச் சாப்பிடும் ஜப்பானியர்களில் எத்தனை பேருக்குத் திரை ஞாபகம் வரும் என்று தெரியாது. நமக்கும்தான் இடைவேளை சமோசாவுக்கும் படத்துக்கும் சம்பந்தமில்லை.

சுக்கேரொக்கு என்பவன் கபுக்கியின் பெரிய நாயகன். இரண்டாம் இச்சிகாவா தஞ்ஜூரோ 1713-இல் முதலில் ஏற்ற வேடம். அவனுடைய காதலி அகெமாக்கி. பொரித்த தோஃபுப் பைக்குள் சாதம் அடைத்த சூஷிக்கு 'அகெ' இருக்கிறது, கடற்பாசியில் சுருட்டிய சூஷிக்கு 'மாக்கி' இருக்கிறது. இரண்டையும் ஒரே பெட்டியில் வைத்தால் அகெ-மாக்கி. அந்தப் பெட்டிக்கு அவள் பெயரை வைக்காமல் அவள் காதலன் பெயரை வைத்துவிட்டார்கள், சுக்கேரொக்கு சூஷி என்று. எடோ காலத்து மொக்கை ஜோக் ஒன்று இன்றும் சூப்பர் மார்க்கெட் அலமாரியில் விலை ஒட்டி விற்பனையாகிறது. நாடகத்திலோ அதே சுக்கேரொக்கு சண்டையின் நடுவே டெலிவரிக்காரன் கொண்டுவந்த உதோன் கிண்ணத்தை எடுத்து வம்புக்காரன் தலையில் கவிழ்ப்பான். தொடரில் வரும் நண்பன் அந்தப் பெயரைத் தனக்குச் சூட்டிக்கொள்ளும்போது, பேரழகன், ஊதாரி, சாப்பாட்டை வீணடிப்பவன் எல்லாம் சேர்ந்தே வருகிறார்கள். வசன வரியில் வெறும் பெயராகத்தான் கடந்து போகும்.

கபுக்கியில் சாப்பாடு நிஜம். கவதாக்கே மொகுவாமி 1881-இல் எழுதிய நாடகமொன்றில் போலீஸ் தேடும் நாயகன் நவோஜிரோ, பனி கொட்டும் இரவில் இரியா என்ற இடத்துச் சோபாக் கடைக்குள் நுழைகிறான். காலைக் குளிர்காய வைத்துக்கொண்டு சோபா சொல்கிறான். உண்மையான சோபா வருகிறது, நடிகர் உண்மையாகவே சாப்பிடுகிறார். நாகரிகமாக, விறுவிறுவென்று, எடோ பாணியில். பக்கத்தில் உளவுக்காரர்கள் அசிங்கமாகச் சாப்பிட்டு முடித்துவிட்டுப் போயிருப்பார்கள், அந்த வித்தியாசம்தான் நடிப்பு. நாடகம் விட்டதும் பார்வையாளர்கள் நேராகச் சோபாக் கடைக்குத்தான் போவார்கள் என்பது பழைய பேச்சு. ஆக, கபுக்கி நிஜ நூடுல்ஸைக் காட்டிப் பசியெடுக்க வைக்கிறது, ராகுகோ எதையும் காட்டாமல் பசியெடுக்க வைக்கிறது. அனிமேஷன் இந்த இரண்டில் எந்தப் பக்கம் நிற்பது?

இரண்டு பக்கமும் நின்ற ஒரு படம் இருக்கிறது. இசாவோ தகஹாதா 1994-இல் ஸ்டூடியோ கிப்லிக்காக எடுத்த 'பொம் போகோ'. தோக்கியோவுக்கு வெளியே தமா மலைகளை வெட்டிப் புதுநகரம் கட்டுகிறார்கள். அங்கே வாழும் தனுகிகள், அதாவது உருமாறத் தெரிந்த காட்டுநாய் மாதிரியான பிராணிகள், மனிதர்களை விரட்டப் பார்க்கின்றன. கதை சொல்லும் குரல் மூன்றாம் கொக்கொந்தேய் ஷிஞ்சோ. முதிய சாமியார் தனுகிக்குக் குரல் ஐந்தாம் யநகியா கோசான். ஷிகொகுவிலிருந்து வரும் பெரியவர்களில் ஒருவருக்கு மூன்றாம் கட்சுரா பெய்ச்சோ. மூவருமே ராகுகோவின் மலைகள். படம் வந்த அடுத்த ஆண்டு, 1995-இல், கோசானை 'வாழும் தேசியப் பொக்கிஷம்' என்று அரசு அறிவித்தது. ராகுகோவில் அந்தப் பட்டம் பெற்ற முதல் ஆள் அவர்தான். 1996-இல் பெய்ச்சோ. சோபா உறிஞ்சுவதில் பெயர்பெற்ற கோசானின் தொண்டையை ஒரு கார்ட்டூன் தனுகிக்கு வைத்திருக்கிறார்கள். எனக்கு இந்தத் தகவல் தெரிந்த நாளில் படத்தை மறுபடி போட்டுப் பார்த்தேன். அப்போதுதான் அந்தக் கிழத் தனுகி ஏன் அப்படி இடைவெளி விட்டுவிட்டுப் பேசுகிறது என்று உறைத்தது.

அந்தப் படத்தின் தனுகிகளுக்கு வாய்தான் எதிரி. மனிதர்களை ஒருவர் விடாமல் துரத்துவோம் என்று கூட்டத்தில் வீரம் பேசுகின்றன. யாரோ ஒன்று கேட்கிறது, அப்ப தெம்புராவும் கிடைக்காதா? சபையே யோசனையில் ஆழ்கிறது. ஆளாளுக்குத் தனக்குப் பிடித்த பண்டத்தைச் சொல்லச் சொல்ல, சரி, கொஞ்சம் மனிதர்களை விட்டுவைப்போம் என்று முடிகிறது. இது முழுக்க ராகுகோ நகைச்சுவை. பெரிய கொள்கை ஒன்று நாக்கின் முன்னால் தடுக்கி விழுவது. 'மஞ்சூ கொவாய்' என்ற கதையில் ஒருவன், எனக்கு மஞ்சூ என்றாலே பயம் என்பான். பயறுப் பூரணம் வைத்த கொழுக்கட்டை மாதிரி பண்டம். அவனைப் பயமுறுத்த நண்பர்கள் அறை நிறைய மஞ்சூ வாங்கிப் போடுவார்கள். எல்லாவற்றையும் தின்றுவிட்டு, இப்ப எனக்கு ஒரு கப் டீ என்றால்தான் பயம் என்பான். தமா மலைத் தனுகிகள் இவனுடைய சொந்தக்காரர்கள். ஆனால் தகஹாதா இங்கே சாப்பாட்டை மறைக்கவில்லை, ஹாம்பர்கர் வரை வரைந்து தள்ளியிருக்கிறார். ராகுகோவை மேடையாக எடுக்காமல் குரலாகவும் புத்தியாகவும் எடுத்துக்கொண்டதால் அவருக்கு அந்தச் சுதந்திரம் இருந்தது என்று நினைக்கிறேன்.

ஜப்பானின் பழைய முகமூடி நாடகமான நோவைப் பற்றி ஒன்று மட்டும். நோ முகமூடி அசையாது. நடிகர் தலையைச் சற்று நிமிர்த்தினால் முகம் மலரும், தாழ்த்தினால் மப்பு போடும். முகமூடி முகத்தைவிடச் சிறியது, நடிகரின் உண்மையான தாடை கீழே எட்டிப் பார்க்கும். முதலில் பார்ப்பவர்களுக்கு இது ஏதோ அளவு தவறியதுபோலத் தோன்றும். எனக்கும் தோன்றியது. மியாசாகியின் 2001 படமான 'ஸ்பிரிட்டட் அவே'யில் கஒநாஷி என்ற உருவம் வரும். பெயருக்குப் பொருள் முகமில்லாதவன். வெள்ளை முகமூடி, சின்ன வாய், அசைவில்லை. குளியல் விடுதியில் தங்கத்தை வாரியிறைத்து, மலை மலையாக வரும் உணவைத் தின்று வீங்குகிறான். அவன் எதனால் தின்கிறான் தெரியுமா? முகமூடியின் வாயால் அல்ல. அதற்குக் கீழே, கறுப்பு உடம்பில் பிளக்கும் பல்வரிசை கொண்ட இன்னொரு வாயால். முகமூடி கடைசி வரை அமைதியாகவே இருக்கிறது. சொந்தமாகப் பேச்சுகூட இல்லை, விழுங்கிய தவளையின் குரலில்தான் பேசுகிறான். மியாசாகி நோவின் அந்தத் தாடையை நினைத்துத்தான் வரைந்தார் என்று சொல்ல வரவில்லை. ஆனால் ஒருமுறை அந்தத் தாடையைப் பார்த்துவிட்டால், அப்புறம் இந்த வாயை வேறுமாதிரிப் பார்க்க முடிவதில்லை.

இத்தனையும் படித்துவிட்டுச் சும்மா இருக்க முடியுமா? ஆன்லைனில் ஒரு பாக்கெட் சோபா வாங்கினேன். பாக்கெட்டில் போட்ட நிமிடக் கணக்கை மதிக்காமல் சேமியாவுக்கு வைக்கிற மாதிரி வைத்துவிட்டேன். ஊறிப்போய்க் கொழகொழ. இரண்டாம் நாள் அசடின் கிண்ணம் அப்படியே என் மேசையில். அம்மா ஒரு வாய் வைத்துப் பார்த்துவிட்டு எழுந்து போய்த் தயிர்சாதம் பிசைந்தார்.

பிறகு காற்றுச் சோபாவுக்கே திரும்பினேன். அக்கா மகள் விடுமுறைக்கு வந்திருந்தாள், ஒன்றாம் வகுப்பு. விசிறிக்குப் பதில் அவளுடைய அரையடி ஸ்கேல். உட்கார்ந்து, கையைக் குவித்து, உறிஞ்சிக் காட்டினேன்.

"ஸ்கேலை ஏன் மாமா வாயில வைக்கிற?"

முதல் நாள் அவ்வளவுதான். பதிவுகளை மறுபடி ஓட்டிப் பார்த்தேன், இந்த முறை சத்தத்தை அணைத்துவிட்டு. உறிஞ்சல் பெரிய விஷயமே இல்லை என்று அப்போதுதான் தெரிந்தது. கண்தான். கிண்ணத்தை எடுக்கும் முன்பே கண் அங்கே போய்விடுகிறது. நூடுல்ஸைத் தூக்கும்போது கண்ணும் கூடவே ஏறுகிறது. ஊதும்போது ஆவி முகத்தில் அடிப்பதுபோல் இமை லேசாகச் சுருங்குகிறது. கை கிண்ணத்தின் கனத்தைச் சுமந்துகொண்டே இருக்கிறது, சாறு குறையக் குறையக் கொஞ்சம் உயர்கிறது. அனிமேக்காரர்கள் இந்தக் கண்ணைத்தான் விடாமல் வரைந்திருக்கிறார்கள்.

நாலைந்து நாள் கண்ணாடி முன்னால் பழகினேன். வீட்டில் என்ன நினைத்தார்கள் என்று கேட்கவில்லை. ஞாயிற்றுக்கிழமை மத்தியானம், சாப்பாடு முடிந்த கூடத்தில், அவளை எதிரே உட்கார வைத்தேன். கிண்ணத்தை எடுத்தேன். சூடு தாங்காமல் விரலை மாற்றிப் பிடித்தேன். ஊதினேன். ஸ்கேலால் கிளறி, தூக்கி, சர்ரென்று இழுத்தேன். மென்றேன். அவள் பேசவில்லை. கண் என் கையிலேயே இருந்தது. இன்னொரு வாய் எடுத்தேன்.

"எனக்கு?" என்றாள்.

ஊதி ஆற்றி, ஸ்கேல் நுனியை அவள் பக்கம் நீட்டினேன். வாயைத் திறந்து வாங்கி, கன்னத்தை உப்பிக்கொண்டு கொஞ்ச நேரம் மென்றாள்.

"உப்புப் பத்தல, மாமா."